பாண் வந்த பாதை

வஹகோட்டைத் திருவிழாவுக்கு ஆண்டுதோறும் சென்றுவருபவன் நான். பக்தியின் பொருட்டு என்று சொன்னால் அது உண்மையாகாது. மாத்தளையிலிருந்து ஸ்கூட்டரில் ஏறக்குறைய ஒரு மணி நேரத்தில் போய்ச் சேரக்கூடிய ஊர். புனித அந்தோனியார் கோவிலைச் சூழ அந்நாள்களில் முளைக்கும் கடைத்தெருவிலேதான் எனக்கு நாட்டம் அதிகம். நீர்கொழும்பு, சிலாபம் பகுதிகளிலிருந்து வரும் சிங்களக் கத்தோலிக்கரும், தோட்டப் புறங்களிலிருந்து பஸ்களிலும் லொறிகளிலும் வந்திறங்கும் தமிழ்த் தொழிலாளரும், எச்சமயத்தையும் சாராத என்னைப் போன்ற சிலரும் அங்கே ஒரே வாங்கில் தோளுரச அமர்ந்து உண்பதைக் காணலாம்.

சென்ற முறை சக ஆசிரியர் ஒருவர் என் ஸ்கூட்டரின் பின்னால் இருந்து வந்தார். வியட்நாமின் ஹோ சி மின் நகரத்தை, பழைய பெயரால் சொன்னால் சைகோனை, அவர் அண்மையில் பார்த்து வந்திருந்தார். அங்கே வெளிநாட்டாரை ஸ்கூட்டரின் பின்னால் ஏற்றிக்கொண்டு சந்து சந்தாகச் சென்று வீதியோரத்து உணவுகளைச் சுவைக்கச் செய்வதே பலருக்குப் பிழைப்பாக வளர்ந்திருக்கிறதாம். குட்டை நாற்காலி, ஆவி பறக்கும் கிண்ணம், சுற்றிலும் ஓயாத வண்டி இரைச்சல் ஆகியவற்றையெல்லாம் வியந்து பேசிக்கொண்டே வந்தவர், ‘நாமும் இப்படி ஒன்று செய்தால் என்ன, சேர்? கலேவெலைச் சந்தியில் தொடங்கினால் மாத்தளை போய்ச் சேருமுன் பத்து வகை காட்டிவிடலாமே’ என்றார். செய்யலாந்தான். ஆனால் உண்பவனுக்கு அந்தப் பத்து வகையும் எங்கிருந்து வந்தன என்பதைச் சொல்லாமல் ஊட்டி அனுப்புவது ஆசிரியத் தொழில் செய்பவனுக்கு அழகல்லவே!

அன்றிரவு கடைகளை எண்ணிப் பார்த்தேன். கொத்து றொட்டி, தேங்காய்ப்பூ றொட்டி, முக்கோணமாய் மடித்த மரக்கறி றொட்டி, பராட்டா, மீன் பணிஸ், பாணும் சம்பலும் என்று வரிசை நீண்டது. அவித்த சோளம், கடலை, வடை, அப்பம் ஆகியவை ஓரிரு கடைகளில் ஒதுங்கி நின்றன. அந்த அப்பத்திலும் கோதுமை மா கலந்திருப்பதாகக் கடைக்காரரே ஒப்புக்கொண்டார். சுருங்கச் சொன்னால், உழைக்கும் மக்கள் வீதியோரத்தில் உண்பதிற் பெரும்பகுதி கோதுமை. இலங்கை மண்ணிலோ கோதுமை விளைவதில்லை. நெல் விளையும் நாட்டில், விளையாத ஒரு தானியம் எவ்வாறு ஏழையின் உணவாயிற்று? இக்கேள்விக்கு விடை சமையற் கலை நூல்களில் இல்லை. அதை ஏகாதிபத்தியத்தின் வரலாற்றிலும், அதன் பின் வந்த நம்முடைய சொந்த அரசுகளின் வரலாற்றிலுமே தேடவேண்டும்.

வஹகோட்டையில் நின்றுகொண்டு இக்கேள்வியை எழுப்புவதில் ஒரு பொருத்தமுண்டு. இவ்வூரின் கத்தோலிக்கக் குடிகள் கண்டி மன்னர் சிறைப்பிடித்த போர்த்துக்கேயரின் வழிவந்தோர் என்பது ஊர் மரபு. 1630இல் ரந்தெனிவெலையிலும் 1638இல் கன்னொருவையிலும் கண்டிப் படையிடம் போர்த்துக்கேயர் பெருந்தோல்வி கண்டனர். சிறைப்பட்டோரை நிலமளித்துக் குடியமர்த்துவது அக்கால வழக்கம். பின்னர் ஒல்லாந்தர் 1656இல் கொழும்பையும் 1658இல் யாழ்ப்பாணத்தையும் கைப்பற்றிக் கத்தோலிக்க மதத்தைத் தடைசெய்தபோது, பௌத்த மன்னனின் ஆட்சிப் பரப்பே கத்தோலிக்கருக்குப் புகலிடமாயிற்று. மதத்தின் பெயரால் நம்மை மோதவிடுவோர் இச்செய்தியை மேடையிற் கூறுவதில்லை.

பாண் என்ற சொல் போர்த்துக்கேயரின் ‘பாவ்ங்’ என்பதன் திரிபு. அதே சொல்தான் பம்பாய்த் தொழிலாளியின் ‘பாவ்’ ஆயிற்று. அதே சொல்தான் யப்பானியரின் வாயிலும் ‘பான்’ ஆயிற்று. நான் அமர்ந்திருந்த வாங்கு, எதிரில் இருந்த மேசை, தேநீர் வந்த கோப்பை, பின்னால் புகை கக்கிய குசினி ஆகிய எல்லாமே அம்மொழியிலிருந்து நமக்கு வந்த சொற்கள். சொல் வந்துவிட்டது, பொருள் வந்ததா என்பதே கேள்வி. கரையோரக் கோட்டைகளில் போர்த்துக்கேயர் பாண் உண்டிருக்கலாம். மலைகளுக்கு இப்பால் நிலம் பெற்றுக் குடியானவனாகிவிட்ட சிப்பாய்க்கு அது கிட்டியிருக்க வழியில்லை. ஆயினும் ஓர் ஊகத்தை இங்கே முன்வைக்கத் துணிகிறேன். கத்தோலிக்கப் பூசைக்குரிய அப்பம் கோதுமையினால் ஆனதாகவே இருக்கவேண்டும் என்பது திருச்சபையின் விதி. அரிசி மாவோ குரக்கன் மாவோ அதற்கு உதவாது. எனவே, கோவாவிலிருந்து மாறுவேடத்தில் வந்து, 1692இல் கண்டியில் ஒற்றனென ஐயுற்றுச் சிறையிடப்பட்ட யோசப் வாஸ் அடிகளும் அவர் வழிவந்த குருமாரும் கண்டி நாட்டுக் கத்தோலிக்கரிடையே பூசை செய்தபோது, கைப்பிடியளவு கோதுமை மாவாவது மலையேறி வந்திருக்கவேண்டும். வஹகோட்டை கண்ட முதற் கோதுமை பசிக்காக வந்ததன்று.

அப்படியானால் மக்கள் எதை உண்டனர்? 1660 முதல் 1679 வரை கண்டி நாட்டிற் சிறையிருந்த ஆங்கிலேயன் ரொபர்ட் நொக்ஸ், 1681இல் வெளியிட்ட நூலில் நெல்லோடு குரக்கனையும் விதந்து கூறுகிறான். நெல் வயல் அற்றவனுக்குச் சேனை நிலம் இருந்தது. அங்கே குரக்கன் விளைந்தது. பலா மரம் இருந்தது. பயணம் செய்வோர் வழியிலுள்ள அம்பலத்தில் தங்கி, கையோடு கொண்டுவந்ததைத் தாமே சமைத்து உண்டனர். சமைத்த உணவைக் காசுக்கு விற்கும் கடைகள் வீதிதோறும் பெருகுவதற்கு, தன் உழைப்பை நாட்கணக்கில் விற்றுவிட்டுச் சமைக்க நேரமின்றி நிற்கும் மனிதன் முதலில் தோன்றவேண்டும். அவன் கோப்பித் தோட்டங்களோடு தோன்றினான்.

1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், உரிமைப் பத்திரம் காட்டமுடியாத காட்டு நிலத்தையும் சேனை நிலத்தையும் முடிக்குரியதென அறிவித்தது. எந்தக் குடியானவனிடம் பத்திரம் இருந்தது? குரக்கன் விளைந்த மேட்டு நிலங்கள் கோப்பித் துரைமாருக்கு மலிந்த விலையில் கைமாறின. அதன்மேல் புதிய வரிகளும் விழவே, 1848 ஜூலையில் மாத்தளை கொந்தளித்தது. கொங்காலேகொட பண்டா தம்புள்ளை விகாரையில் அரசனாக முடிசூட்டப்பட்டான். ஆகஸ்ட் 8ஆம் நாள் புரன் அப்பு கண்டியிற் சுட்டுக் கொல்லப்பட்டான். பாடநூல் இக்கிளர்ச்சியை வீரர்களின் பெயர்களோடு முடித்துவிடுகிறது. பறிபோனது மக்களின் சோற்றுப் பானை என்பதை மாணவருக்கு நாம்தான் சொல்லவேண்டியிருக்கிறது.

அதே தம்புள்ளைப் பாதை வழியாகத்தான் தென்னிந்தியத் தொழிலாளரும் வந்தனர். மன்னார்க் கரையில் இறங்கி, வன்னிக் காடுகளைக் கடந்து, தம்புள்ளை, நாலந்தை வழியே மாத்தளைக்கு நடந்தனர். வாந்திபேதியாலும் காய்ச்சலாலும் வழியோரத்தில் வீழ்ந்தவர் பலர். இவர்களுக்கு அளந்த அரிசியும் கடல் கடந்தே வந்தது. ஏற்றுமதிப் பயிருக்காகக் காடு அழிந்தது. அப்பயிரை வளர்ப்போருக்கு உணவு இறக்குமதியாயிற்று. கோப்பி நோயால் மடிந்து தேயிலை வந்த பிறகும் இந்த ஏற்பாடு மாறவில்லை. இரண்டாம் உலகப்போர் தொடங்கியபோது இலங்கை உண்ட அரிசியிற் பெரும்பகுதி பர்மா முதலிய நாடுகளிலிருந்து கப்பலேறி வந்ததாகவே இருந்தது.

1942 மார்ச்சில் ரங்கூன் யப்பானியர் வசமாயிற்று. பர்மா அரிசி நின்றது. மறு ஆண்டு வங்காளத்தில் இலட்சக்கணக்கானோர் பட்டினியால் மாண்டனர். இலங்கையில் அத்தகைய பேரழிவு நேரவில்லை. பங்கீட்டு முறை வந்தது, கூப்பன் வந்தது, அரிசியின் இடத்தை நிரப்பக் கோதுமை மா வந்தது. ஏழை மக்கள் கோதுமைக்குப் பழகியது அந்நாளில்தான். அதற்கு முன் பாண் கொழும்பு நகரத்தாரின் காலையுணவு. நோயாளிக்கு வைத்தியர் எழுதிக் கொடுக்கும் பத்தியம். போருக்குப் பின் அது எல்லோருக்கும் உரியதாயிற்று. தோட்டத்து லயன் அறையிலோ பாண் சுடுவதற்குப் போறணை இல்லை. இரும்புத் தகடு இருந்தது, தேங்காய் இருந்தது, விறகும் தண்ணீரும் இருந்தன. மாவைத் தேங்காய்ப்பூவோடு பிசைந்து தடிப்பாகத் தட்டிச் சுட்ட றொட்டி, கொழுந்து பறிக்கச் செல்பவளின் முந்தானையில் முடிந்துகொள்ள ஏற்றது. ஆறினாலும் கெடாது. இரண்டு துண்டு தின்று தண்ணீர் குடித்தால் நண்பகல் வரை வயிறு நிறைந்ததுபோல் இருக்கும். இன்று உல்லாசப் பயணிகளுக்கு ‘மலைநாட்டுச் சுவை’ என்று பரிமாறப்படுவது இந்த றொட்டியேதான்.

மா பழக்கமாயிற்று, ஆனால் அரிசியின் மீதான உரிமையை மக்கள் விட்டுக்கொடுக்கவில்லை. 1953ஆம் ஆண்டை இந்தச் சஞ்சிகையின் வாசகர்களுக்கு விரித்துரைக்க வேண்டியதில்லை. ஒரு கொத்து அரிசி 25 சதத்திலிருந்து 70 சதமாக உயர்த்தப்பட்டது. பள்ளிப் பிள்ளைகளின் இலவச மதிய உணவும் அதே வரவு செலவுத் திட்டத்தில் நிறுத்தப்பட்டது. அரிசி விலையைப் பேசும்போது இதனைப் பலர் மறந்துவிடுகின்றனர். ஆகஸ்ட் 12ஆம் நாள் இடதுசாரிக் கட்சிகளின் அழைப்பை ஏற்று நாடு நிலைகுத்தி நின்றது. அமைச்சரவை துறைமுகத்தில் நின்ற பிரித்தானியப் போர்க்கப்பலொன்றில் கூடியது. மக்கள் துப்பாக்கிக்கு இரையாயினர். அக்டோபரில் பிரதமர் டட்லி சேனநாயக்க பதவி துறந்தார். அதற்கு முன் ஆண்டு சீனாவுடன் ஏற்பட்ட இறப்பர்–அரிசி உடன்படிக்கை இல்லாதிருந்தால் நிலைமை இன்னும் மோசமாயிருக்கும். 1954இல் அமெரிக்கா தன் மிகைத் தானியத்தைப் பிறநாடுகளுக்குத் தள்ளுவதற்கென 480ஆம் இலக்கச் சட்டத்தை இயற்றியது. அத்தானியத்தைப் பெற்ற நாடுகளுள் இலங்கையும் ஒன்று. மலிவாய் வந்த மா நாக்கைப் பழக்கிற்று.

நிற்க. நம்மவர் குறைகளையும் சொல்லாமல் விடலாகாது. 1970இல் பதவியேற்ற அரசில் இடதுசாரிக் கட்சிகள் இரண்டு பங்குகொண்டன. நிதியமைச்சே அவர்களில் ஒருவரிடம் இருந்தது. உலகச் சந்தையில் எண்ணெயும் தானியமும் விலையேறியபோது, 1973இல் அரிசிப் பங்கீடு குறைக்கப்பட்டது. மாவும் பாணும் விலையேறின. விடியுமுன் பாண் கடை வாசலில் வரிசை நின்றதை என் தந்தையார் சொல்லக் கேட்டிருக்கிறேன். குறித்த சில நாள்களில் உணவகங்களில் சோறு பரிமாறவும் தடை இருந்தது. கிராமத்தவனுக்கு மரவள்ளித் தோட்டமாவது இருந்தது. லயத்தவனுக்குக் காணித் துண்டு ஏது? 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் அவனை வாக்கற்றவனாக்கியிருந்தது. வாக்கற்றவனின் பசி எந்தத் தேர்தலையும் தீர்மானிப்பதில்லை. அவ்வாண்டுகளில் தோட்டங்களிற் பட்டினிச் சாவுகள் நிகழ்ந்தன. பிச்சையேந்தி நகரங்களுக்கு வந்த தோட்டக் குடும்பங்களைக் கண்டவர்கள் மாத்தளையில் இன்றும் இருக்கின்றனர். சமதர்மம் பேசிய அரசின் கீழ் இது நிகழ்ந்தது என்பதை நாமே எழுதாவிட்டால், நம் பகைவர் எழுதுவர். அவர்கள் அந்த மக்களின்மீது கொண்ட அன்பினால் எழுதமாட்டார்கள்.

1977இல் சந்தை திறந்துவிடப்பட்டது. 1979இல் பங்கீட்டு மானியத்தின் இடத்தில் உணவு முத்திரை வந்தது. 1980இல் திருகோணமலையின் சீனன்குடாவில் சிங்கப்பூர் நிறுவனமொன்றின் பெரும் மாவாலை இயங்கத் தொடங்கியது. திருகோணமலையிலிருந்து தம்புள்ளை, கலேவெலை, குருநாகல் என்று செல்லும் நெடுஞ்சாலையின் ஓரங்களில் றொட்டிக் கடைகள் பெருகின. கொத்து றொட்டியின் பிறப்பிடம் கிழக்குக் கரை என்பது பரவலான கூற்று. மட்டக்களப்பார் தமதென்பர், திருகோணமலையார் தமதென்பர். வழக்கை நான் தீர்க்கப்போவதில்லை. கொத்துக்கு அடிப்படையான மெல்லிய றொட்டியைச் சிங்களத்தில் ‘கோதம்ப’ றொட்டி என்பர். மலையாளத்தில் கோதுமைக்குக் ‘கோதம்பு’ என்றே பெயர். கொழும்பின் தேநீர்க் கடைகளில் ஒருகாலத்தில் உழைத்த மலையாளத் தொழிலாளர் விட்டுச்சென்ற சொல்லாக இது இருக்கலாம். மீந்த றொட்டியை முட்டையோடும் குழம்போடும் போட்டு இரண்டு தகடுகளால் கொத்தித் தருவது, எதையும் வீணாக்க இயலாதவனின் கண்டுபிடிப்பு. அதன் ஓசை வாடிக்கையாளரை அழைக்கும் மணியுமாயிற்று. ‘கொத்து’ என்றால் 1953இல் ஓர் அளவு அரிசி; இன்றைய மாணவனுக்கு அது கோதுமை. இரண்டும் வெவ்வேறு சொற்களென்பதை இலக்கணம் அறியும். எனினும் வகுப்பில் ஹர்த்தாலைப் பற்றிப் பேசுகையில் ‘ஒரு கொத்து 70 சதம்’ என்றதும், ‘அவ்வளவு மலிவா சேர்?’ என்று ஒருவன் கேட்டான். வகுப்பு சிரித்தது. நானுந்தான்.

இந்தக் கடைகளிற் பலவற்றை 1983 ஜூலை எரித்தது. மாத்தளை நகரிலும் தமிழர் கடைகள் சாம்பலாயின. ஒரே வாங்கில் உண்டவர்கள் என்பதனால் மட்டும் மனிதர் ஒருவரையொருவர் காத்துக்கொள்வர் என்று நம்புவோர் அந்த வாரத்தை நினைத்துப் பார்க்கவேண்டும்.

இனி, நண்பர் வியந்த சைகோனுக்கு வருவோம். 1859இல் பிரெஞ்சுப் படை அந்நகரைக் கைப்பற்றியது. கோதுமை விளையாத அந்நாட்டுக்கும் பாண் ஆண்டவனின் உணவாகவே வந்தது. முதலில் அதனை ‘மேனாட்டுப் பண்டம்’ என்று பொருள்படும் பெயரால் மக்கள் அழைத்தனர். பின்னரே ‘பான் மீ’, அதாவது கோதுமைப் பண்டம், என்ற பெயர் நிலைத்தது. 1954இல் நாடு பிரிக்கப்பட்டபோது வடக்கிலிருந்து ஏறக்குறைய பத்து இலட்சம் பேர் தெற்கே பெயர்ந்தனர். மேசையில் அமர்ந்து கத்தியால் வெட்டி உண்ட துரையின் பாண், அந்த ஆண்டுகளில் குறுகி, வயிறு பிளந்து, உள்ளே இறைச்சியும் ஊறுகாயும் கொத்தமல்லியும் மிளகாயும் ஏந்தி, நின்றபடியே உண்ணத்தக்க தொழிலாளியின் உணவாயிற்று. அங்கே புகழ்பெற்ற இன்னோர் உணவு ‘கொம் தாம்’. அது நொய்யரிசிச் சோறு. நல்லரிசியை விற்றுவிட்ட குடியானவனுக்கு எஞ்சியது நொய்தான். இன்று அதனைத் தேடி ஸ்கூட்டரில் வருகிறார்கள். போரும், 1975க்குப் பின் வந்த பங்கீட்டு ஆண்டுகளும் கடந்து, 1986இன் பொருளாதார மாற்றத்திற்குப் பிறகே அந்நகரின் வீதிகள் இன்றைய நிறைவை எய்தின. மிகப் பெரிய வல்லரசை வென்ற மக்கள் தம் உணவைத் தம் கைக்குள் கொண்டுவர மேலும் பத்தாண்டு பிடித்தது. அவர்களிடம் ஒன்று இருந்தது: அரிசி. வியட்நாம் இன்று அரிசி ஏற்றுமதி செய்யும் நாடு. பாண் அங்கே ஒரு விருப்பம். நமக்கோ அது வேறு வழியின்மை.

அந்த வேறுபாடு எத்தகையதென்பதை 2022 காட்டிற்று. 2021இல் இரசாயன உரத்தை ஒரே கட்டளையால் தடைசெய்ததால் நெல் விளைச்சல் வீழ்ந்தது. அந்நியச் செலாவணி வற்றியது. உக்ரேனிற் போர் மூண்டு கோதுமை விலை ஏறியது. அடுப்பெரிக்க வாயுவும் இல்லை. பாண் பல மடங்கு விலையேறிற்று. கிராமங்களுக்குள் பாண் கொண்டுவரும் முச்சக்கர வண்டியை வாசகர் அறிவர். பெத்தோவன் 1810இல் இயற்றிய ‘எலீசுக்காக’ என்ற பியானோ இசையை ஒலித்துக்கொண்டு வரும் அதனைச் ‘சூன் பாண்’ என்கிறோம். செருமானியப் பேரறிஞரின் இசை எங்கள் மாணவர்க்கு மாலைப் பணிஸின் அறிவிப்பு. அவ்வாண்டு அவ்விசை மெல்ல மெல்ல ஓய்ந்தது. எரிபொருள் பங்கீடு வந்தபோது முச்சக்கர வண்டிக்கு வாரத்திற்கு 5 லீற்றர்; என் ஸ்கூட்டருக்கு 4. ஒரு நாட்காலைக் கூட்டத்தில் ஒன்பதாம் வகுப்பு மாணவனொருவன் மயங்கி விழுந்தான். தண்ணீர் தெளித்து எழுப்பி, என்ன சாப்பிட்டாய் என்று கேட்டேன். ‘நேற்றுப் பகல் றொட்டி, சேர்’ என்றான். சற்றுப் பொறுத்து, ‘தங்கச்சியும் சாப்பிட்டவள்’ என்று சேர்த்துச் சொன்னான், அவளைப் பட்டினி போட்டதாக நான் எண்ணிவிடக் கூடாதென்று.

திருவிழாக் கடைக்கே திரும்புகிறேன். கொத்துக் கொத்தியவர் ரத்தோட்டைப் பக்கத்துத் தோட்டமொன்றிற் பிறந்தவர். விலையை எப்படிச் சமாளிக்கிறீர்கள் என்று வினவினேன். ‘மா ஏறினா முட்டையைக் குறைப்போம், முட்டை ஏறினா கோவாவைக் கூட்டுவோம். விலையைக் கூட்டினா ஆள் வராது, சேர். வாறவங்களும் நம்ம சனந்தானே’ என்றார், தகடுகளை நிறுத்தாமலே.

நள்ளிரவு தாண்டிப் புறப்பட்டோம். மழை பிடித்துக்கொள்ளவே, மூடிக் கிடந்த கடையொன்றின் தாழ்வாரத்தில் நெடுநேரம் நின்றோம். மாத்தளையை நெருங்குகையில் வெளுத்துவிட்டது. எதிரே இசையை நிறுத்திவிட்டு, நாளின் முதற் சுற்றுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தது ஒரு பாண் வண்டி. நண்பர் என் தோளைத் தட்டி நிறுத்தச் சொன்னார். றோஸ் பாண் ஒன்றை வாங்கி, சுடச்சுட இரண்டாகப் பிய்த்து, வீதியோரத்தில் நின்றபடியே தின்றோம்.